கூரைக்கு வெளியே

1992 நவம்பர் 6
ஒகுசாவா அஞ்சலகத்து வாசல் பெஞ்சு

யுகாவா ஷின் என்று பெயர் வைத்துக்கொண்டு மங்கா படக்கதை வரைகிறவருக்கு,

அன்றைக்கு அந்தக் கூடத்தில் இருந்தவர்கள் இவர்கள்தான்: ஹாகியா விடுதியின் எஜமானி ஷிகே, அதாவது நான். என் கணவர் எய்கிச்சி. எங்கள் மகன் கென்சாகு. அவன் மனைவி மினேகோ. சமையல்காரர் கோன்ஜி. பணிப்பெண் ஓயோனே. மொரியோகாவிலிருந்து வந்திருந்த தேயிலை வியாபாரி ஓபாரா, என் சோறு குழைந்துவிட்டது என்று முகம் சுளித்த அவர் மனைவி. வேறு ஈ காக்கை கிடையாது. எனக்குப் படிப்பு நான்காம் வகுப்பு, ஆனால் ஞாபகத்துக்குப் பள்ளிக்கூடம் தேவையில்லை.

என் மகள் வயிற்றுப் பேத்தி சயாகா மாதாமாதம் வாங்கும் இதழை நானும் படிக்கிறேன். கடினமான சீன எழுத்துக்குப் பக்கத்திலேயே அதன் உச்சரிப்பைப் பொடி எழுத்தில் போட்டிருப்பதால் யாரையும் கேட்காமல் படிக்க முடிகிறது. அதில் ‘படியேறும் பந்து’ ஏழாம் அத்தியாயத்தைத் திறந்தேன். மாடிப்படியில் நூல்பந்து ஒன்று தத்தித் தத்தி இறங்கி வருகிறது. கணப்புப் பக்கத்தில் வந்து நிற்கிறது. பிறகு யாரும் தொடாமல், வந்த படியிலேயே ஏறிப் போகிறது! எனக்கு மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்கியது. சயாகா தண்ணீர் கொண்டு வந்தாள். வேண்டாம் போடி, பக்கத்தைத் திருப்பு என்றேன்.

அந்தப் பந்தைப் பார்த்தவர்கள் நாங்கள் எட்டுப் பேர்தான். என் கணவர் போய்ச் சேர்ந்துவிட்டார். கோன்ஜிக்கு முள்ளங்கியையே நேராக வெட்ட வராது, கோடு எங்கே வரும். ஓயோனேவுக்குக் கண்புரை. கென்சாகு சின்ன வயதில் வரைந்தது குதிரையா குடமா என்று வாத்தியாரே வீடு தேடி வந்து கேட்டார். ஓபாரா வீட்டாருக்கு நம் அடுக்களைக் கதவில் அணில் கடித்த தடம் தெரியாது, நீர் அதைக்கூட வரைந்திருக்கிறீர். ஆம்பளைப் பெயரைப் போட்டால் எனக்குத் தெரியாதா?

மினேகோ, நீதானே?

என் மாமியார் எனக்குச் சொன்னதைத்தான் நான் உனக்குச் சொன்னேன். நம் வீட்டு உள்ளறையில் குடியிருக்கும் மாயக்குழந்தை, அந்த அறைக்குழந்தை, கண்ணில் பட்டால், படாததுபோல் கையிலிருக்கும் வேலையைப் பார்க்க வேண்டும். அந்தக் கூரைக்குக் கீழே அதைப் பற்றி வாயைத் திறக்கவே கூடாது. திறந்தால் குழந்தை போய்விடும், அதன் கையைப் பிடித்துக்கொண்டு வீட்டின் அதிர்ஷ்டமும் போய்விடும். அதனால்தான் இதை இந்தக் குளிரில் வெளியே உட்கார்ந்து எழுதுகிறேன். அஞ்சலதிகாரி இஷிமோரி உள்ளே வரச் சொல்கிறான். என் தங்கையின் கல்யாண வாழ்த்தை ஒரு நாள் தாமதமாகக் கொண்டு வந்தவன் அவன், அவன் கரிசனம் எனக்கு வேண்டாம்.

அன்று எல்லாரும் தலையைக் குனிந்துகொண்டு இருந்தோம். அந்த நேரம் பார்த்துக் கோன்ஜி சோற்றுப்பெட்டியின் மூடியைத் திறந்தார், கூடம் முழுக்க ஆவி. ஆவிக்குள்ளிருந்து கீச்சென்று ஒரு குரல், “அதோ! அதோ குழந்த!” என்று. அது நீ என்று இத்தனை வருடமும் நெஞ்சில் வைத்திருக்கிறேன். அன்றோடு குழந்தை போயிற்று. அந்த இலையுதிர் காலத்திலேயே நீயும் போனாய்.

ஆனால் உன் படத்தில் மருமகள் உதட்டை இறுக மூடிக்கொண்டு நிற்கிறாள். கத்துகிறவர் முகம் ஆவிக்குப் பின்னால் இருக்கிறது. யார் அது? பொய்யாக வரைந்தாயா, மெய்யாக வரைந்தாயா?

இன்னொன்று. கதை எப்படி முடிந்தாலும் முடியட்டும், குழந்தையை மட்டும் வீட்டைவிட்டு அனுப்பிவிடாதே. என் மூக்கை அவ்வளவு பெரிதாக வரைந்ததற்குத் தனியாகக் கணக்கு வைத்திருக்கிறேன்.

ஷிகே


1992 நவம்பர் 19
டோக்கியோ

ஹாகியா விடுதியின் மூத்த எஜமானி அம்மாள் அவர்களுக்கு,

இங்கே ஜிங்கோ மரங்கள் மஞ்சளாகி உதிர்கின்றன. அங்கே முதல் பனி விழுந்திருக்கும். தங்கள் முழங்கால் எப்படி இருக்கிறது?

கண்டுபிடித்துவிட்டீர்கள். நான்தான். உறையில் தங்கள் கையெழுத்தைப் பார்த்ததும் மைப்புட்டியைத் தட்டிவிட்டேன். அன்றைய பக்கம் பாழாயிற்று. என் உதவிப் பெண் “யாரு மேடம், கடன்காரனா?” என்று கேட்டாள். “அதவிடப் பெரிய ஆளு” என்றேன்.

ஊரைவிட்டு வந்தபின் பல வருடம் மற்றவர்கள் மங்காவுக்கு மரம், மழை, கூரை என்று பின்னணி வரைந்துகொண்டிருந்தேன். சொந்தக் கதை கேட்டபோது என் கை தானாக அந்த மாடிப்படியை வரைந்தது. வரைவதும் பேசுவதும் ஒன்றா என்று வெகுநாள் யோசித்தேன். டோக்கியோவில் உட்கார்ந்து வாயைத் திறக்காமல் வரைந்தால் அந்த வீட்டுச் சட்டத்தை மீறியதாகாது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். தவறென்றால் திட்டுங்கள்.

தாங்கள் கேட்டதற்கு ஒரே ஒரு பதில் இப்போதைக்கு: நான் பொய்யாக வரையவில்லை. “நான் கத்தவில்லை” என்று அன்றே சொல்ல வேண்டுமென்றால், என்ன பார்த்தேன் என்பதை அந்தக் கூரைக்குக் கீழேதான் சொல்லியிருக்க வேண்டும். சொல்லியிருந்தால் நானும் சட்டத்தை மீறியவள் ஆகியிருப்பேன். அதனால் வாயை மூடிக்கொண்டேன். தாங்களும், சட்டத்துக்குக் கட்டுப்பட்டு, என்னைக் கேட்கவே இல்லை. என் முகத்திலேயே விழிக்க மாட்டேன் என்று தாங்கள் சொல்லியனுப்பியபின் எனக்கு அங்கே நிற்க இடமில்லாமல் போயிற்று.

மூக்குக்கு மன்னிக்கவும். கோபத்தில் வரைந்தது.

பணிவுடன்,
மினேகோ


1992 டிசம்பர் 8
அஞ்சலகத்து வாசல், கையுறையோடு

மினேகோவுக்கு,

யார் சொல்லியனுப்பியது? நானா? எப்போது? யாரிடம்? உன் முகத்தில் விழிக்க மாட்டேன் என்று நான் சொன்னதே இல்லை! கோபம் இருந்தது, மலையளவு இருந்தது. கத்தியவளை எதிரில் உட்கார வைத்து ஆயுசுக்கும் குத்திக் காட்ட வேண்டும் என்றுதான் இருந்தேனே தவிர, அனுப்பிவிட நினைத்ததில்லை. ஆள் எதிரில் இல்லாவிட்டால் யாரைக் குத்திக் காட்டுவது? நீ தானாகப் போனாய், திரும்பி வர மாட்டேன் என்றாய், அப்படித்தான் எனக்குச் சொன்னார்கள்.

அதற்குள் இங்கே நடப்பதைக் கேள். எட்டாம் அத்தியாயம் வந்த வாரம் செந்தாய் நகரத்திலிருந்து நாலைந்து இளம்பெண்கள் வந்து இறங்கினார்கள், கையில் இதழோடு! அணில் கடித்த கதவைத் தடவிப் பார்க்கிறார்கள். படியைப் பார்க்கிறார்கள். வெந்நீர்க் குளியலுக்குள்ளேயே இதழைக் கொண்டுபோய் ஊறவைத்துப் பிறகு கணப்பில் காயப்போட்டார்கள். இத்தனை கால்களின் சத்தம் அந்தப் பலகைத் தரையில் கேட்டு எவ்வளவு காலமாயிற்று!

ஒருத்தி மட்டும் கூடத்தின் நடுவில் நின்றுகொண்டு, “பாட்டி, இங்கதானே அந்தக் குழ—” என்று ஆரம்பித்தாள். என் கையிலிருந்த பயறு உருண்டையை அப்படியே அவள் வாய்க்குள் திணித்துவிட்டேன். விழி பிதுங்கிவிட்டது. மென்று முடித்து, “இன்னொண்ணு இருக்கா?” என்கிறாள். இந்தக் காலத்துப் பிள்ளைகளை எனக்குப் பிடித்திருக்கிறது.

ஒரு தவறு வரைந்திருக்கிறாய். உள்ளறையில் குழந்தைக்கு வைக்கும் சாப்பாட்டுத் தட்டில் உண்ணும் குச்சிகளைப் பெரியவர்களுக்கு வைப்பதுபோல நீளமாக வரைந்திருக்கிறாய். நம் வீட்டில் குட்டைக் குச்சிதான். நீ போனபின் அந்தத் தட்டை நானே வைக்கிறேன், தினமும். சிவப்புப் பயறு போட்ட சோறு. வைத்தது வைத்தபடி மறுநாள் காய்ந்து கிடக்கும். கென்சாகு, “ஏம்மா சோத்த வீணாக்குற?” என்பான். அவனுக்குப் பதில் சொல்ல மாட்டேன், கூரைக்குக் கீழே இருக்கிறோமே.

இப்போது நேராகச் சொல். ஆவிக்குப் பின்னால் யார்? கோன்ஜியா? ஓபாரா பெண்டாட்டியா? அவளாக இருந்தால் மொரியோகாவுக்கு நாளைக்கே பஸ் ஏறுவேன்.

ஷிகே


1993 ஜனவரி 7
டோக்கியோ

அம்மா,

புத்தாண்டு வணக்கம். இப்படிக் கூப்பிட என் பேனா வெகுநேரம் தயங்கியது. தாங்கள் என்னை அனுப்பவில்லை என்று படித்தபின் வேறு எப்படிக் கூப்பிடுவதென்று தெரியவில்லை.

தயவுசெய்து இந்தக் கடிதத்தை வீட்டுக்கு வெளியே படியுங்கள். படித்துக்கொண்டே உள்ளே போனால் வாய்விட்டுக் கத்திவிடுவீர்கள்.

நான் அன்று படிக்குப் பக்கத்தில் தேநீர்த் தட்டோடு நின்றேன். எனக்கு இடப்பக்கம் நின்றவர்தான் கத்தினார். சந்தோஷத்தில் கத்தினார், அம்மா. பிறந்ததிலிருந்து அந்த வீட்டில் வளர்ந்தும் ஒருமுறைகூடக் குழந்தையைப் பார்த்ததில்லை என்ற ஏக்கம் அவருக்கு. பந்து படியேறியதும் தன்னை மறந்துவிட்டார். குதூகலம் வந்தால் அவர் குரல் பெண்குரல்போல் கீச்சிடும் என்பது தங்களுக்கே தெரியும்.

கென்சாகுதான்.

அவர் தங்களிடம் என்ன சொன்னார் என்று இப்போதுதான் புரிகிறது. என்னிடம் சொன்னது இது. என்னை ஆற்றங்கரைக்கு அழைத்துப் போய், “அம்மா உன் மூஞ்சியிலயே முழிக்க மாட்டேன்னுட்டா. கொஞ்ச நாள் உங்க வீட்ல இரு. நான் வந்து கூட்டிட்டுப் போறேன்” என்றார். அவருக்குப் பதிலாக விவாகரத்துத் தாள்கள் வந்தன. தாங்கள் அனுப்பச் சொன்னதாக நினைத்து, சம்மதம் என்று என் பெயர் முத்திரையை வைத்தேன்.

இதழாசிரியர் கடைசி அத்தியாயத்தில் குழந்தை வீட்டைவிட்டுப் போக வேண்டும் என்கிறார். “வாசகர்கள் அழணும், மேடம். அழுதாத்தான் புத்தகமா வாங்குவாங்க” என்கிறார். மார்ச் இதழுக்குப் பிப்ரவரி நடுவில் பக்கங்களைக் கொடுக்க வேண்டும். நான் இன்னும் ஒரு கோடும் போடவில்லை. குழந்தை போன வீடு எனக்குத் தெரியும், திரும்பி வந்த வீட்டை நான் பார்த்ததில்லை. பார்க்காததை எப்படி வரைவேன்?

மினேகோ


1993 ஜனவரி 16
பஸ் நிறுத்தம் (அஞ்சலகம் இன்று விடுமுறை)

மினேகோ,

உன் கடிதத்தைப் பஸ் நிறுத்தத்தில் படித்தேன். படித்துவிட்டுக் கத்தத்தான் செய்தேன், நல்லவேளை வெளியே இருந்தேன். எதிர்வீட்டு நாய் என்னைக் கண்டால் இன்னும் குரைக்கிறது.

நேராக வீட்டுக்குப் போனேன். அவன் முன்வாசலில் வாடிக்கையாளர் பெயர் எழுதிக்கொண்டிருந்தான்.

“வெளிய வா.”

“என்னம்மா, பனி கொட்டுது. செருப்பு மாத்திட்டு—”

“அப்டியே வா!”

காதைப் பிடித்தேன். நாற்பத்தைந்து வயது ஆளை, வீட்டுச் செருப்போடு, வாசல் துணித்தொங்கலைத் தாண்டி, கல்விளக்கைத் தாண்டி, சாலைக்கு நடுவில் கொண்டுவந்து நிறுத்தினேன். கூரை ஓரத்துச் சொட்டுக்கூட மேலே விழாத இடம். விருந்தாளிப் பெண்கள் ஜன்னலைத் திறந்து எட்டிப் பார்த்தார்கள். “ஜன்னல சாத்துங்கடி, குளிர் உள்ள வரும்” என்றேன். சாத்தவில்லை.

“ஆவிக்குள்ள நின்னு கத்துனது யாரு?”

“எத... எப்போ?”

“தெரியாத மாதிரி நடிச்சா பனியில புதைச்சிருவேன். யாரு?”

முதலில் மினேகோ என்றான். காதை இன்னொரு முறுக்கு முறுக்கினேன். அப்போது அந்தக் குரல் வந்தது, கீச்சென்று, அன்று வந்த அதே குரல்: “நாந்தாம்மா! நாந்தான் கத்துனேன்! மொத தடவ பாத்தேன், தாங்க முடியல. அப்பா என்னைக் கொன்னுருவாருன்னு பயந்துட்டேன். கொஞ்ச நாள்ல சரியாயிரும்னு நெனச்சேன். நீ என்னடான்னா அவ பேரச் சொன்னாலே எந்திரிச்சுப் போயிருவ. அவ என்னடான்னா ஒரு கடுதாசி போடல. அப்புறம் எப்டி நான் மாத்திச் சொல்றது?”

“காளான் பறிக்கப் போன எடத்துல என் கையப் புடிச்சு, ‘அவதாம்மா கத்துனா, இனிமே வர மாட்டாளாம்’னு சொன்னியே, அந்த வாய் எங்கருந்து வந்துச்சு?”

அவனுக்கு மூக்கு ஒழுகியது. துடைத்துக்கொள்ளக் கைக்குட்டைகூட நான் கொடுக்கவில்லை.

பிறகு பாலத்துக்குக் கீழே ஓயோனே வீட்டுக்குப் போய், தோட்டத்துக்கு வரச்சொல்லி, அவளிடமும் கேட்டேன். “சின்ன முதலாளிதாம்மா. நீங்க என்னைக்காவது வெளிய வச்சுக் கேப்பீங்கன்னு காத்துட்டே இருந்தேன்” என்கிறாள். கேட்டிருந்தால் அன்றே சொல்லியிருப்பாளாம்! எல்லாரும் ஒழுங்காகச் சட்டத்தைக் காப்பாற்றினோம் மினேகோ, பொய் சொன்னவன் அதற்கு அடியில் சொகுசாகக் குளிர்காய்ந்தான்.

இப்போது சொல்லப் போவதைப் பஸ் நிறுத்தத்தில் உட்கார்ந்திருப்பதால் சொல்கிறேன். அக்கம்பக்கம் யாருமில்லை, பார்த்துவிட்டேன்.

அவன் சாலையில் நின்று உண்மையைச் சொன்ன அன்றும் வழக்கம்போலத் தட்டை வைத்தேன். காலையில் எடுக்கப் போனேன். பயறெல்லாம் பொறுக்கித் தின்னப்பட்டிருந்தது! சோறு அப்படியே இருக்கிறது, பயறு ஒன்றுகூட இல்லை. குட்டைக் குச்சி ஒன்று பாயின் அந்தக் கோடியில் கிடந்தது. எலி தின்றால் சோற்றையும் தின்னும். வளர்ந்தவர்கள் தின்றால் பாத்திரம் காலியாகும். இப்படிப் பொறுக்கித் தின்கிறது யார் என்று பிள்ளை வளர்த்தவளுக்குத் தெரியாதா? வாயைப் பொத்திக்கொண்டேன். தட்டோடு அடுக்களைக்கு ஓடி, அடுக்களையைத் தாண்டி விறகுக் கொட்டகைக்கு ஓடி, அதுவும் கூரைதான் என்று நினைவு வந்து வயலுக்கே ஓடிப்போய், அங்கே நின்று சத்தம் போட்டுச் சிரித்தேன். முழங்கால் வலி ஞாபகமே இல்லை.

பார்க்காததை வரைய முடியாது என்றாயே. இப்போது நான் பார்த்தேன். வரை!

அம்மா


1993 பிப்ரவரி 14
டோக்கியோ

அம்மா,

வரைந்துவிட்டேன்! விடிந்ததும் முடித்து, காலையிலேயே நானே இதழ் அலுவலகத்துக்கு எடுத்துப் போனேன். ஆசிரியர் பக்கங்களைப் புரட்டிக்கொண்டே வந்தார். கடைசிப் பக்கத்தில் பயறெல்லாம் பொறுக்கித் தின்ற சோற்றுத் தட்டு மட்டும் இருக்கிறது, ஆள் யாரும் இல்லை, ஒரு வார்த்தை இல்லை.

“குழந்தை போகலியா, மேடம்?”

“போகல.”

“யாரும் அழ மாட்டாங்களே.”

“நீங்க ஏன் மூக்க உறிஞ்சுறீங்க?”

சளி என்றார். அப்படியே அச்சுக்குப் போகிறது.

கென்சாகு எனக்கும் கடிதம் போட்டிருக்கிறார். எழுத்து நனைந்திருந்தது, வெளியே உட்கார்ந்து எழுதினாராம், அதுவும் தாங்கள் சொல்லித்தான் என்று எழுதியிருக்கிறார். அவர்மேல் எனக்கு இருந்த கோபம் எப்போதோ தீர்ந்துபோயிற்று அம்மா. பயந்த மனிதர். இத்தனை காலம் எனக்கு ஆறாமல் இருந்தது தாங்கள் என்னை வெறுத்தீர்கள் என்பதுதான். அது இல்லையென்று ஆனபின் அவரிடம் எனக்கு என்ன வழக்கு? அவரை மன்னித்துவிட்டேன். தாங்களும் மன்னித்துவிடுங்கள், அவருக்கும் வயதாகிறது.

ஒன்று கேட்கட்டுமா? இதழ் வெளிவரும் அன்று அதை நானே கொண்டு வரலாமா? மருமகளாக இல்லை. விருந்தாளியாக, ஓர் அறை எடுத்து.

மினேகோ


1993 பிப்ரவரி 22
பஸ் நிறுத்தம்

மினேகோ,

விருந்தாளியாம், அறையாம்! விருந்தாளிகளுக்கு அறை இல்லை. மார்ச் முழுக்க நிரம்பிவிட்டது, அந்தப் பயறு உருண்டைக்காரி தன் அம்மாவையும் கூட்டி வருகிறாள். நீ என் அறையில் என் பக்கத்தில் படுத்துக்கொள்வாய். நான் குறட்டை விடுவேன், உனக்குத் தெரிந்ததுதான்.

மதியப் பஸ்ஸில் வா, காலைப் பஸ் வளைவில் வழுக்குகிறது. நான் இங்கே நிறுத்தத்திலேயே காத்திருப்பேன். நேராக வீட்டுக்குப் போக வேண்டாம். முதலில் இந்தப் பெஞ்சில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பேசித் தீர்ப்போம், எவ்வளவு நேரமானாலும் சரி, தொண்டை கட்டும்வரை. உனக்குக் கம்பளியும் சூடான தேநீரும் கொண்டு வருகிறேன். பேசி முடித்தபின் ஒன்றும் தெரியாதவர்கள்போல உள்ளே போவோம். அன்று சாயங்காலத் தட்டை நீதான் வைக்க வேண்டும். இப்போதெல்லாம் பயறு அதிகமாகப் போட வேண்டியிருக்கிறது, அவ்வளவுதான் சொல்வேன்.

எனக்கு இப்போதே தூக்கம் போய்விட்டது. மெத்தைகளை வெயிலில் போட்டுப் போட்டு எடுக்கிறேன். சயாகா, “பாட்டி, மகாராணியா வர்றாங்க?” என்கிறாள். அதைவிட மேல் என்றேன்.

நீ எழுதியதை யோசித்துப் பார்த்தேன். கோன்ஜி அந்த நேரத்தில் போய் மூடியைத் திறந்ததை விட்டுவிட்டேன், அவருக்கு என்ன தெரியும். ஓயோனே வாயைத் திறக்காமல் இருந்ததை விட்டுவிட்டேன். இஷிமோரியைக்கூட விட்டுவிட்டேன், உன் கடிதங்களை ஒரு நாளும் தாமதிக்காமல் என் கையில் கொண்டு வந்து கொடுத்தான். பந்தைப் பார்த்துக் கத்தியதையும் மன்னித்துவிட்டேன், எனக்கே அன்று தொண்டைவரை வந்துவிட்டது.

ஆனால் நீ புருஷனை மன்னிப்பது உன் பாடு. உனக்கு அவன் சில வருடம் புருஷன், எனக்குப் பெற்ற பிள்ளை. அவன் சொன்னதால்தான் நான் உன்னைக் கேட்காமலே இருந்தேன். பெண்பிள்ளை இல்லாத குறையில்லை எனக்கு, இருந்தாலும் உன் இடம் அந்த வீட்டில் அப்படியே காலியாக இருந்தது, அதைத் தினமும் தாண்டித் தாண்டி நடந்தவன் அவன். சோறு போடுவேன். காய்ச்சல் வந்தால் கஞ்சி வைப்பேன். வெளியே நின்று அழுதால் குடையும் பிடிப்பேன். மன்னிப்பு மட்டும் கிடையாது, நான் சாகும்வரை கிடையாது, செத்த பின்னும் யாரும் என் பெயரில் கொடுத்துவிடக் கூடாது.

பேரைச் சொல்லியே எழுதி வைக்கிறேன்: கென்சாகு.

அம்மா